கேம் கோப்பு சிதைந்தால் முழுவதையும் அழிக்க வேண்டுமா? சரிபார்ப்பு வசதி செய்வதும் செய்யாததும்

புதுடெல்லி: நேற்று வரை தடையின்றி ஓடிய வீடியோ கேம், இன்று தொடக்கத் திரையிலேயே நின்றுவிடுகிறது. அல்லது குறிப்பிட்ட ஒரு கட்டத்தை எட்டியதும் ஒவ்வொரு முறையும் தானாக மூடிக்கொள்கிறது. 'கோப்பு சிதைந்துள்ளது' என்ற அறிவிப்பு சில நேரங்களில் வரும். பல நேரங்களில் எந்த அறிவிப்பும் வராது. இத்தகைய நிலையில் பலரும் முதலில் செய்வது, கேமை முற்றிலுமாக நீக்கிவிட்டு மீண்டும் பதிவிறக்கம் செய்வதுதான்.

பெரும்பாலும் அது தேவையற்ற வேலை. அதற்கான செலவும் குறைவல்ல. 'ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2', 'பால்டர்ஸ் கேட் 3' ஆகிய இரண்டு கேம்களும் கணினியில் தலா 150 ஜிபி இடம் கோருபவை. நொடிக்கு 40 மெகாபிட் வேகம் கொண்ட பிராட்பேண்ட் இணைப்பு இடைவிடாமல் முழு வேகத்தில் இயங்கினாலும், 150 ஜிபி தரவு வந்து சேர எட்டு மணி நேரத்துக்கு மேலாகும். நாளொன்றுக்கு 2 ஜிபி தரும் கைப்பேசித் திட்டத்தை ஹாட்ஸ்பாட் மூலம் கணினிக்குப் பயன்படுத்துபவருக்கு அது 75 நாள்களுக்கான டேட்டா. தரவு சுருக்கப்பட்டு வருவதால் பதிவிறக்க அளவு சற்றுக் குறையலாம் என்றாலும், சுமையின் தன்மை மாறுவதில்லை. இதனினும் பெரிய ஆபத்து ஒன்று உண்டு. அவசரத்தில் கோப்புறைகளை அழிக்கும்போது, பல மாதங்கள் விளையாடிச் சேர்த்த முன்னேற்றப் பதிவும் சேர்ந்து அழிந்துவிடக்கூடும்.

சிதைந்த பகுதியை மட்டும் கண்டறிந்து மாற்றும் வசதி, கணினி கேம்களை விநியோகிக்கும் முக்கியத் தளங்கள் அனைத்திலும் உள்ளது. அந்த வசதி எவ்வாறு இயங்குகிறது, எதைச் சரிசெய்யும், எதைச் சரிசெய்யாது என்பதை அறிந்துகொண்டால் நேரமும் டேட்டாவும் மிஞ்சும்.

சிதைவு எங்கே நேர்கிறது?

நவீன கேம் என்பது ஒற்றைக் கோப்பு அன்று. நிரல், ஒலி, முப்பரிமாண உருவங்கள், நிலக்காட்சிகள், பல மொழி உரையாடல்கள் என ஆயிரக்கணக்கான கூறுகள் சுருக்கப்பட்டு, சில பெரிய தொகுப்புக் கோப்புகளுக்குள் அடைக்கப்பட்டிருக்கும். 150 ஜிபி என்பது ஏறத்தாழ 1.2 லட்சம் கோடி பிட்டுகள். அவற்றுள் ஒன்று மாறிப்போனாலும் விளைவு இருக்கக்கூடும். மாறிய பிட் ஏதோ ஒரு பாறையின் நிறத்துக்கு உரியதாக இருந்தால் எவரும் கவனிக்கப் போவதில்லை. அதுவே சுருக்கப்பட்ட ஒரு தொகுதியின் நடுவே இருந்தால், அந்தத் தொகுதியில் அதன்பின் வரும் பகுதியை விரித்தெடுக்க இயலாமல் போகும். கேம் ஒரே இடத்தில் மீண்டும் மீண்டும் நிற்பதற்கு இது ஒரு முக்கியக் காரணம். அந்த இடத்தை அடையும்போதுதான் சிதைந்த பகுதி வட்டிலிருந்து படிக்கப்படுகிறது.

பழி வழக்கமாக இணைய இணைப்பின் மீது விழுகிறது. அது முழுக்க நியாயமன்று. இணையத்தில் தரவை எடுத்துச் செல்லும் நெறிமுறையே ஒவ்வொரு பொட்டலத்தையும் பிழை உள்ளதா எனப் பார்க்கிறது. அதற்கு மேல், விநியோகத் தளத்தின் மென்பொருளும் வந்துசேர்ந்த துண்டைச் சோதிக்கிறது. இணைப்பு துண்டிக்கப்பட்டால் பதிவிறக்கம் நிற்கும். தவறான தரவு சத்தமின்றி உள்ளே நுழைவது அரிது. பெரும்பாலான சிதைவுகள் தரவு வந்து சேர்ந்த பிறகு, அதை வட்டில் எழுதும் கட்டத்திலோ எழுதி முடித்துப் பல நாள்கள் கழித்தோ நேர்கின்றன.

எழுதும் கட்டத்தில் முதல் எதிரி மின்வெட்டு. வட்டில் எழுத வேண்டிய தரவை இயங்குதளம் உடனடியாக எழுதுவதில்லை. வேகத்துக்காக அதைச் சிறிது நேரம் நினைவகத்தில் நிறுத்திவைத்துப் பிறகு எழுதுகிறது. கேம் புதுப்பிப்பு நடந்துகொண்டிருக்கும்போது மின்சாரம் நின்று, கணினிக்கு யூபிஎஸ் இணைப்பும் இல்லையெனில், நிறுத்திவைக்கப்பட்ட அந்தத் தரவு மறைந்துவிடும். விண்டோஸ் பயன்படுத்தும் என்டிஎஃப்எஸ் கோப்பு முறைமை, இத்தகைய விபத்துக்குப் பிறகு தன் கட்டமைப்பை மீட்டுக்கொள்ளும் வகையில் குறிப்பேடு ஒன்றைப் பேணுகிறது. ஆனால் அக்குறிப்பேடு காப்பது கோப்பின் பெயர், அளவு, இருப்பிடம் ஆகியவற்றை மட்டுமே, உள்ளடக்கத்தை அன்று. எனவே கோப்பு சரியான பெயரோடும் சரியான அளவோடும் காட்சியளிக்கும், உள்ளே வெறும் பூஜ்ஜியங்கள் நிறைந்திருக்கும்.

ஆயுள் முடியும் தறுவாயிலுள்ள ஹார்டு டிஸ்க், இடம் நிரம்பி வழியும் எஸ்எஸ்டி, பழுதான ரேம் ஆகியவை அடுத்த காரணங்கள். ஆன்டிவைரஸ் மென்பொருளும் இப்பட்டியலில் உண்டு. அது கோப்பைச் சிதைப்பதில்லை. ஐயத்துக்குரியது எனக் கருதித் தனிமைப்படுத்திவிடுகிறது. கேமின் பார்வையில் இரண்டும் ஒன்றே.

துண்டு துண்டாக ஒரு கைரேகை

கோப்பு சிதைந்துள்ளதா என்பதை அறிய, நிறுவனத்தின் சர்வரில் உள்ள மூலக் கோப்போடு ஒவ்வொரு பிட்டையும் ஒப்பிட வேண்டியதில்லை. அவ்வாறு ஒப்பிட முழுக் கோப்பையும் பதிவிறக்க வேண்டியிருக்கும். அப்படிச் செய்தால் சரிபார்ப்பதன் பயனே இல்லாமல் போகும். இங்கே உதவுவது 'ஹேஷ்' எனப்படும் கணித முறை. எவ்வளவு பெரிய தரவைக் கொடுத்தாலும் அது ஒரு நிலையான நீளமுள்ள குறியீட்டைத் தரும். தரவில் ஒரு பிட் மாறினாலும் குறியீடு முற்றிலும் வேறாகிவிடும். ஏறக்குறைய ஒரு கைரேகை போன்றது.

வால்வ் நிறுவனம் 2003-ல் தொடங்கிய ஸ்டீம் தளம் இதற்குச் சிறந்த எடுத்துக்காட்டு. அத்தளம் ஒவ்வொரு கேம் கோப்பையும் ஏறத்தாழ 1 எம்பி அளவுள்ள துண்டுகளாகப் பிரிக்கிறது. ஒவ்வொரு துண்டுக்கும் எஸ்எச்ஏ-1 என்ற முறையில் 20 பைட் நீளமுள்ள கைரேகை கணக்கிடப்பட்டு, 'மேனிஃபெஸ்ட்' எனப்படும் பட்டியலில் சேர்க்கப்படுகிறது. பயனர் சரிபார்ப்பைத் தொடங்கியதும், அவரது வட்டிலுள்ள கோப்புகளைப் படித்து ஸ்டீம் கைரேகைகளைக் கணக்கிட்டு, பட்டியலுடன் ஒப்பிடுகிறது. பொருந்தாத துண்டுகளை மட்டும் சர்வரிலிருந்து வரவழைக்கிறது. ஒரு பிட் சிதைந்ததற்கு 150 ஜிபி செலவிட வேண்டிய இடத்தில் 1 எம்பி போதுமானதாகிறது. எல்லாத் தளங்களும் இவ்வளவு நுணுக்கமாகத் துண்டாடுவதில்லை. சில தளங்கள் சிதைந்த கோப்பை முழுமையாக மீண்டும் இறக்கும். அப்போதும் மொத்தக் கேமையும் இறக்குவதைவிட அது குறைவே.

எஸ்எச்ஏ-1 பழைய முறை என்ற குறை கூறப்படுவதுண்டு. அமெரிக்காவின் தேசியத் தரநிலைகள் மற்றும் தொழில்நுட்ப நிறுவனம் 1995-ல் வெளியிட்ட இம்முறையில், ஒரே கைரேகையைத் தரும் இரு வேறு கோப்புகளை 2017 பிப்ரவரியில் கூகுளும் ஆம்ஸ்டர்டாமின் சிடபிள்யூஐ ஆய்வு மையமும் உருவாக்கிக் காட்டின. அதனால் டிஜிட்டல் கையொப்பம் போன்ற பாதுகாப்புப் பணிகளுக்கு அது ஏற்றதன்று. ஆனால் அந்தப் போலியை உருவாக்கத் திட்டமிட்ட முயற்சியும் பெரும் கணினித் திறனும் தேவைப்பட்டன. மின்வெட்டுக்கு அத்தகைய உள்நோக்கம் எதுவும் இல்லை. தற்செயலான சிதைவைக் கண்டறிய அம்முறை இன்றும் போதுமானதே.

சரிபார்ப்புக்கு ஆகும் நேரம் இணையத்தைவிட வட்டின் வேகத்தையே சார்ந்தது. நொடிக்கு 150 எம்பி படிக்கும் ஹார்டு டிஸ்க்கில் 150 ஜிபி கேமைப் படித்து முடிக்க 17 நிமிடங்கள் ஆகும். நொடிக்கு 500 எம்பி படிக்கும் எஸ்எஸ்டியில் 5 நிமிடங்கள் போதும்.

எங்கே உள்ளது அந்தப் பொத்தான்?

ஸ்டீமில், லைப்ரரி பட்டியலில் கேமின் பெயர் மீது வலது கிளிக் செய்து, 'பிராப்பர்ட்டீஸ்' பகுதிக்குள் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' என்பதைத் திறந்தால் 'வெரிஃபை இன்டெக்ரிட்டி ஆஃப் கேம் ஃபைல்ஸ்' காணப்படும். எபிக் கேம்ஸ் ஸ்டோரில் கேமின் அருகிலுள்ள மூன்று புள்ளிகளை அழுத்தி 'மேனேஜ்' பகுதிக்குச் செல்ல வேண்டும். அங்கே 'வெரிஃபை' என்றிருக்கும். பேட்டில்.நெட் இதையே 'ஸ்கேன் அண்ட் ரிப்பேர்' என்கிறது; 'பிளே' பொத்தானுக்கு அருகிலுள்ள பற்சக்கரக் குறியில் அது இருக்கிறது. இஏ ஆப், யூபிசாஃப்ட் கனெக்ட், ஜிஓஜி கேலக்ஸி, விண்டோஸுக்கான எக்ஸ்பாக்ஸ் ஆப் ஆகியவற்றிலும் ஒத்த வசதி உண்டு. பயனருக்கு முதலில் தேவைப்படும் ஒன்றை இத்தனை அடுக்குகளுக்குள் ஏன் வைத்திருக்கிறார்கள் என்பது அந்நிறுவனங்களுக்கே வெளிச்சம்.

கேம் கன்சோல்களில் நிலைமை வேறு. நின்டெண்டோ ஸ்விட்ச் கருவியில் கேமைத் தேர்ந்தெடுத்து பிளஸ் பொத்தானை அழுத்தினால், மென்பொருள் மேலாண்மைப் பகுதியில் சிதைந்த தரவைச் சோதிக்கும் வசதி கிடைக்கும். பிளேஸ்டேஷனின் பாதுகாப்புப் பயன்முறையில் உள்ள 'ரீபில்டு டேட்டாபேஸ்' வசதியைச் சிலர் இதற்கு இணையாகக் கருதுகின்றனர். அது வட்டில் என்னென்ன உள்ளன என்ற அட்டவணையை மறுசீரமைக்கும். கேம் கோப்பின் உள்ளடக்கத்தை மூலத்தோடு ஒப்பிடாது.

ஸ்டீமில் சரிபார்ப்பு முடிந்ததும், சில கோப்புகள் சரிபார்க்கப்படவில்லை என்றும் அவை மீண்டும் பெறப்படும் என்றும் செய்தி வரலாம். அச்சம் வேண்டாம், பழுதுநீக்கும் பணி தொடங்கியதற்கான அறிவிப்பே அது. ஒவ்வொரு முறை சரிபார்க்கும்போதும் ஒன்றிரண்டு கோப்புகள் தவறும் என்றால், அவை பெரும்பாலும் பயனரின் அமைப்புகளைச் சேமிக்கும் கோப்புகளாக இருக்கும். அவை கணினிக்குக் கணினி வேறுபடுவது இயல்பு.

'எல்லாம் சரி' என்ற பிறகும் கேம் நின்றால்

சரிபார்ப்பு, நிறுவனம் கொடுத்த பட்டியலில் உள்ளவற்றை மட்டுமே பார்க்கும். இந்த ஒரு வரியிலிருந்து பல குழப்பங்களுக்கு விடை கிடைக்கும்.

முதலாவது 'மாட்' எனப்படும் பயனர் மாற்றங்கள். மூலக் கோப்பையே மாற்றியமைத்திருந்தால் சரிபார்ப்பு அதைச் சிதைவாகக் கருதிப் பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிடும், மாட் செயலிழக்கும். புதிய கோப்பாகச் சேர்த்திருந்தால் அது பட்டியலில் இல்லாததால் ஸ்டீம் அதைத் தொடாது. இதனால் கேமை முடக்குவது அந்த மாட் கோப்பாகவே இருந்தாலும், 'எல்லாக் கோப்புகளும் சரி' என்ற முடிவு வரும். இவ்விடத்தில் மட்டும் கேமை நீக்கி, எஞ்சிய கோப்புறையையும் அழித்துவிட்டு மீண்டும் நிறுவுவது பொருத்தமான வழி.

இரண்டாவது, கிராஃபிக்ஸ் டிரைவர் உருவாக்கும் ஷேடர் தற்காலிகச் சேமிப்பு. இது கேமின் கோப்புறைக்கு வெளியே இருக்கும். விண்டோஸின் 'டிஸ்க் கிளீனப்' கருவியில் 'டைரக்ட்எக்ஸ் ஷேடர் கேஷ்' என்பதைத் தேர்ந்தெடுத்து அழித்தால், கேம் அதைப் புதிதாக உருவாக்கிக்கொள்ளும்.

மூன்றாவதும் முதன்மையானதும், 'சேவ்' எனப்படும் முன்னேற்றப் பதிவு. அது பயனருக்கு மட்டுமே உரியது. எந்த நிறுவனத்திடமும் அதன் கைரேகை இல்லை; எனவே எந்தச் சரிபார்ப்பும் அதை மீட்காது. கேமை மீண்டும் இறக்கிவிடலாம். நூறு மணி நேர விளையாட்டை இறக்க இயலாது.

பழைய கேம்கள் இதில் காட்டிய அக்கறை குறிப்பிடத்தக்கது. 1999-ல் ஜப்பானில் வெளியான 'போகிமான்' கோல்டு, சில்வர் பதிப்புகள், ஒரு சிறு கேட்ரிட்ஜின் குறைந்த இடத்துக்குள் சேவ் பதிவுக்கு இரண்டு பிரதிகளும் அவற்றைச் சோதிக்கும் எண்ணும் வைத்திருந்தன. ஒன்று பழுதானால் மற்றொன்று கைகொடுக்கும். நூறு ஜிபியைத் தாண்டும் இன்றைய கேம்கள் சிலவற்றில் இந்த எளிய ஏற்பாட்டைக் காணவில்லை.

ஸ்டீம் கிளவுட் போன்ற மேகச் சேமிப்பு உதவும் என்றாலும், அது எல்லாக் கேம்களுக்கும் கிடையாது. மேலும் அது காப்புப் பிரதி அன்று, ஒத்திசைவு மட்டுமே. கணினியில் சிதைந்துபோன சேவ் கோப்பு, அடுத்த முறை கேமை மூடும்போது மேகத்திலுள்ள நல்ல கோப்பின் மீதே எழுதப்படக்கூடும். மின்வெட்டு அல்லது நீலத்திரைப் பிழைக்குப் பிறகு கேமைத் திறப்பதற்கு முன்பாக, சேவ் கோப்புறையை வேறிடத்துக்கு நகலெடுப்பது இதனால்தான் அவசியமாகிறது. பல கேம்களில் அக்கோப்புறை 'டாக்குமென்ட்ஸ்', 'சேவ்டு கேம்ஸ்' அல்லது மறைத்து வைக்கப்பட்டுள்ள 'ஆப்டேட்டா' பகுதிக்குள் இருக்கும். கணினியிலுள்ள பதிவும் மேகத்திலுள்ள பதிவும் வேறுபட்டால் எதை வைத்துக்கொள்வது என ஸ்டீம் கேட்கும். தேதியையும் நேரத்தையும் பார்க்காமல் அந்தக் கேள்விக்கு விடையளிப்பது ஆபத்தானது.

மீண்டும் மீண்டும் சிதைந்தால்

ஒருமுறை சரிசெய்த கோப்பு அடுத்த வாரமும் சிதைகிறது, வேறு கேம்களிலும் இதே நிலை என்றால், குற்றவாளி கேம் அன்று. வட்டின் மீது வலது கிளிக் செய்து 'பிராப்பர்ட்டீஸ்' பகுதியின் 'டூல்ஸ்' பிரிவில் பிழைச் சோதனையை இயக்கலாம். வட்டு தன் உடல்நிலையைத் தானே பதிவுசெய்யும் 'ஸ்மார்ட்' அறிக்கையைப் படித்துக் காட்டும் இலவச மென்பொருள்களும் உள்ளன. ரேமைச் சோதிக்க 'விண்டோஸ் மெமரி டயக்னாஸ்டிக்' கருவி விண்டோஸிலேயே இருக்கிறது. ரேமின் வேகத்தைக் கூட்டி வைத்திருந்தால் அதை இயல்பு நிலைக்குக் கொண்டுவந்து பார்ப்பது முதல் சோதனையாக இருக்க வேண்டும்.

கோப்பில் குறையே இல்லாமலும் 'சிதைவு' தோன்றலாம். இதை உலகளவில் உணர்த்தியது 2024-ல் வெளிப்பட்ட இன்டெல் பிரச்னை. அந்நிறுவனத்தின் 13, 14-ஆம் தலைமுறை உயர்திறன் டெஸ்க்டாப் பிராசசர்களைப் பயன்படுத்தியவர்களுக்கு, அன்ரியல் என்ஜினில் உருவான கேம்கள் தொடர்ந்து நின்றுபோயின. திரையில் வந்த செய்தியோ 'வீடியோ நினைவகம் போதவில்லை' என்றது. அதை நம்பிக் கிராஃபிக்ஸ் கார்டைச் சந்தேகிப்பதும், கோப்புகளைச் சரிபார்ப்பதும், கேமை மீண்டும் நிறுவுவதும் இயல்பான எதிர்வினைகளே. எதுவும் பயன் தரவில்லை. உண்மையில், சுருக்கப்பட்ட தரவை விரித்தெடுக்கும் கணக்கீட்டில் பிராசசரே தவறியது. வட்டிலிருந்த கோப்பு பழுதற்றதாகவே இருந்தது. அந்த விரித்தெடுக்கும் மென்பொருளான 'ஊடில்' கருவியை உருவாக்கிய ராட் கேம் டூல்ஸ் நிறுவனமே, இன்டெல் பிராசசர்களில் இப்பிழை ஏற்படுவது பற்றிப் பயனர்களுக்கு விளக்கக் குறிப்பு வெளியிட நேர்ந்தது.

தேவைக்கு மேற்பட்ட மின்னழுத்தமே காரணம் என 2024 ஜூலையில் இன்டெல் அறிவித்தது. ஆகஸ்ட் முதல் மைக்ரோகோடு திருத்தங்கள் பயாஸ் புதுப்பிப்பு வழியாக வழங்கப்பட்டன. பாதிக்கப்பட்ட மாதிரிகளுக்கான உத்தரவாதக் காலம் மேலும் இரண்டு ஆண்டுகள் நீட்டிக்கப்பட்டு, பெட்டியுடன் சில்லறையில் விற்கப்பட்டவற்றுக்கு ஐந்து ஆண்டுகளானது. இத்திருத்தம் புதிய சேதத்தைத் தடுக்குமே தவிர, ஏற்கெனவே சேதமடைந்த பிராசசரைக் குணப்படுத்தாது. அத்தகைய கணினி வைத்திருப்போர், குறிப்பாகப் பழைய கணினிச் சந்தையில் வாங்கியோர், பயாஸ் பதிப்பையும் உத்தரவாதக் காலத்தையும் சரிபார்த்துக்கொள்வது நல்லது.

கைப்பேசியிலும் இதே சிக்கல்

இந்தியாவில் பெருமளவு விளையாட்டு நடப்பது கைப்பேசியில். 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா' போன்ற பெரிய கேம்கள், உள்நுழையும் திரையிலேயே பழுதுநீக்கும் பொத்தானை வைத்துள்ளன. ஆண்ட்ராய்டு அமைப்புகளில் அருகருகே இருக்கும் 'கிளியர் கேஷ்', 'கிளியர் டேட்டா' ஆகிய இரண்டையும் குழப்பிக்கொள்ளக் கூடாது. முன்னது தற்காலிகக் கோப்புகளை மட்டும் நீக்கும். பின்னது கேமின் தரவு அனைத்தையும் அழிக்கும். கணக்கு எதனுடனும் இணைக்காமல் 'கெஸ்ட்' ஆக விளையாடுபவர், பின்னதை அழுத்தினால் முன்னேற்றத்தை நிரந்தரமாக இழக்க நேரலாம்.

பழுதுநீக்கும் பெயரில் மோசடி

'ஒரு டிஎல்எல் கோப்பு காணவில்லை' என்ற செய்தியைத் தேடுபொறியில் இட்டால், அக்கோப்பைத் தனியே தருவதாகக் கூறும் தளங்கள் வரிசையாக வந்து நிற்கும். அவற்றிலிருந்து இறக்கும் கோப்பில் என்ன உள்ளது என்பதற்கு எந்தக் கைரேகையும் சாட்சி இல்லை. கேமுக்குரிய டிஎல்எல் என்றால் தளத்தின் சரிபார்ப்பே அதைக் கொண்டுவந்துவிடும்; விண்டோஸுக்குரியது என்றால் மைக்ரோசாஃப்ட் தரும் இலவசத் தொகுப்பு உள்ளது. பணம் கேட்கும் 'கேம் ரிப்பேர்' மென்பொருள்களுக்கும் இது பொருந்தும். நிறுவனத்தின் மேனிஃபெஸ்ட் பட்டியல் இல்லாத ஒரு மென்பொருள், எந்தத் துண்டு தவறு என்பதைத் தீர்மானிக்கவே வழியில்லை.

சட்டவிரோதப் பிரதிகளில் ஆன்டிவைரஸை அணைக்கச் சொல்லும் குறிப்பு வழக்கமாகவே இடம்பெறும். விலை கொடுத்து வாங்கிய கேமின் கோப்பை ஆன்டிவைரஸ் தடுத்திருந்தால், 'விண்டோஸ் செக்யூரிட்டி' பகுதியின் பாதுகாப்பு வரலாற்றில் அதைக் கண்டு, அந்த ஒரு கோப்புக்கு மட்டும் அனுமதி அளிக்கலாம். பாதுகாப்பை முழுவதுமாக அணைக்க வேண்டிய தேவை எழுவதில்லை.

உதவி மையம் என்று கூறிக்கொண்டு கணினியைத் தொலைவிலிருந்து இயக்க அனுமதி கேட்பவர்களிடமும், கணக்கின் கடவுச்சொல்லையோ ஓடிபியையோ கோருபவர்களிடமும் எச்சரிக்கை தேவை. பணம் பறிபோயிருந்தால் 1930 என்ற தேசிய சைபர் குற்ற உதவி எண்ணில் உடனடியாகப் புகார் அளிக்கலாம். மத்திய உள்துறை அமைச்சகத்தின் தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்திலும் பதிவு செய்யலாம். பரிவர்த்தனை எண், தேதி, பேசிய எண் ஆகியவற்றைக் கையில் வைத்திருந்தால், பணம் அடுத்த கணக்குக்கு நகர்வதற்கு முன் முடக்க வங்கிக்கு வாய்ப்புக் கிடைக்கும்.